இருபத்து மூன்று பாடல்களின் சரித்திரம்

1954ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 5ஆம் தேதி கல்கி கிருஷ்ணமூர்த்தி காலமானபோது அவருடைய 'அமரதாரா' என்னும் தொடர்கதை பாதி வழியில் நின்றிருந்ததையும், தந்தை விட்டுச் சென்ற குறிப்புகளைத் துணைக்கொண்டு புதல்வி ஆனந்தி அதை எழுதி முடித்ததையும் பழைய வாசகர்கள் அறிவார்கள். அதற்குச் சரியாக 163 ஆண்டுகளுக்கு முன்னர், 1791இல், அதே டிசம்பர் 5ஆம் தேதியன்று வியன்னா நகரத்தில் மோட்ஸார்ட் கண்மூடியபோது, மரித்தோருக்கான பூசைப் பாடலாகிய 'ரெக்வியம்' அவருடைய மேஜைமேல் அரைகுறையாகக் கிடந்தது. சீடராகிய ஸுஸ்மாயர் அதைப் பூர்த்தி செய்தார். இன்னும் பின்னோக்கிப் போனால், பாணபட்டர் தம் 'காதம்பரி'யை முடிக்காமலே மறைய, அவர் மகன் பூஷணபட்டர் அந்தக் கதையை ஏற்றுக் கரை சேர்த்த வரலாறு நம் நாட்டு இலக்கியத்தில் ஆயிரத்து முந்நூறு ஆண்டுப் பழமை உடையது. இவற்றில் எல்லாம் நடந்த காரியம் ஒன்றே: ஒரு கை எழுதி வருகையில் நின்றுவிட்டது, நின்ற இடத்திலிருந்து இன்னொரு கை எழுதத் தொடங்கியது.

நான் இங்கே சொல்லப் புகுவது கனடா தேசத்து மாண்ட்ரியல் நகரத்தில், என் காலத்திலேயே, நான் குடியிருக்கும் இடத்துக்கு அதிகத் தூரமில்லாத தெருக்களில் நடந்த ஒரு சம்பவத்தைப் பற்றியது. மேலே சொன்னவற்றோடு அது உறவுடையதுதான் என்றாலும் அதன் அமைப்பு அடியோடு தலைகீழானது. வொய்வாட் என்னும் மெட்டல் சங்கீதக் கோஷ்டியின் கிதார்க்காரர், 'பிக்கி' என்று உலகம் அழைத்த டெனி டாமூர், 2005ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 26ஆம் தேதி, நாற்பத்தைந்தாம் வயதில், பெருங்குடல் புற்றுநோயால் இறந்தார். இறப்பதற்குச் சிறிது முன்னர், தம்முடைய மடிக்கணினியில் புதிய பாடல்களுக்கான கிதார்ப் பகுதிகள் பதிவாகி இருப்பதையும் அவற்றை எவ்வாறு பயன்படுத்திக்கொள்ள வேண்டும் என்பதையும் அவர் தம் தோழர்களுக்குச் சொல்லிவிட்டுப் போனார். அங்கே இருந்தவை இருபத்து மூன்று பாடல்களுக்குப் போதுமானவை. ஆகவே இங்கே இறந்தவருடைய பங்கு முழுவதும் தீர்ந்திருந்தது. உயிரோடு இருந்தவர்களின் பங்குதான் பாக்கி நின்றது. அந்தப் பாக்கியை அவர்கள் எப்படித் தீர்த்தார்கள் என்பதே இந்தச் சரித்திரம்.

அவர்கள் எங்கிருந்து வந்தவர்கள் என்பதை முதலில் சொல்ல வேண்டும். ஏனெனில் அந்த ஊரை விட்டுவிட்டு அந்த நாதத்தைப் புரிந்துகொள்ள இயலாது. மாண்ட்ரியலிலிருந்து வடகிழக்கே 400 கிலோமீட்டருக்கு மேல் சென்றால் சாகெனே நதிப் பிரதேசம் வரும். அங்கே காடுகளின் நடுவே, 1926ஆம் ஆண்டில், அலுமினியம் காய்ச்சுவதற்கென்றே ஒரு நகரத்தை நிர்மாணித்தார்கள். அந்தத் தொழிலின் அதிபராகிய ஆர்தர் வைனிங் டேவிஸ் என்பவருடைய பெயரின் முதலெழுத்துக்களைக் கோத்து அதற்கு ஆர்விடா என்று பெயரும் சூட்டினார்கள். அலுமினியம் காய்ச்சுவதற்குக் கனிமண்ணைவிட மின்சாரமே பிரதானம். அதனால்தான் மண் கயானாவிலிருந்து கப்பலேறி வர, ஆலை மட்டும் அருவிகளுக்கு அருகில் வந்து உட்கார்ந்தது. இரண்டாம் உலக யுத்தத்தின்போது நேச நாடுகளின் ஆகாய விமானங்களுக்கு வேண்டிய உலோகத்தில் பெரும் பங்கை அது வழங்கிற்று. 1950இல் அங்கே சாகெனே நதிக்குக் குறுக்கே முற்றிலும் அலுமினியத்தாலேயே ஒரு பாலம் போட்டார்கள். அது இன்றைக்கும் நிற்கிறது. பின்னர் 1975இல் ஆர்விடா நகரம் பக்கத்து ஊராகிய ஜோன்கியேரோடு இணைந்துவிட்டது.

மேட்டூரில் பிறந்து வளர்ந்த எனக்கு இந்த விவரங்களைப் படித்தபோது ஏற்பட்ட உணர்ச்சியை மறைக்க வேண்டியதில்லை. அங்கேயும் அணை, அணையின் மின்சாரம், அந்த மின்சாரத்தை நம்பி ஓர் அலுமினிய ஆலை, ஆலைக்காக ஏர்க்காட்டு மலையிலும் கொல்லி மலையிலும் வெட்டி எடுத்த சிவந்த மண். ஆலைச் சங்கு ஊதும் நேரத்தைக் கொண்டு எங்கள் வீட்டில் உலை வைப்பார்கள். இரவில் ஊரடங்கிய பின்னும் அடங்காமல், தம்புராவில் ஒரு தந்தியை மட்டும் யாரோ விடாமல் மீட்டுவது போல, காற்றில் ஒரு ரீங்காரம் இருந்துகொண்டே இருக்கும். வெளியூர் போய்ப் படுத்தால் அது இல்லாமல் தூக்கம் வராது. வொய்வாட் கோஷ்டியின் தாளக்காரராகிய மிஷேல் லாங்ஷவேன், தம் ஊரின் அலுமினிய ஆலை எழுப்பிய ஓசை தம் சங்கீதத்துக்குள் புகுந்துவிட்டது என்று பல சந்தர்ப்பங்களில் கூறியிருக்கிறார். அதை அலங்காரப் பேச்சு என்று பிறர் கொள்ளலாம். நான் அப்படிக் கொள்ளவில்லை.

அந்த ஜோன்கியேரில்தான் 1980களின் தொடக்கத்தில் நான்கு வாலிபர்கள் ஒன்று சேர்ந்தார்கள். கிதாருக்கு டாமூர், பாட்டுக்கு 'ஸ்நேக்' என்ற டெனி பெலாஞ்சே, பேஸ் வாத்தியத்துக்கு 'பிளாக்கி' என்ற ழான்-ஈவ் தெரியோ, தாளத்துக்கு 'அவே' என்ற லாங்ஷவேன். லாங்ஷவேன் சித்திரக்காரரும் ஆவார். சிறு பிராயத்திலிருந்தே அவர் வரைந்து வந்த, உலகம் அழிந்த பிறகு உலவும் ஒரு யுத்த வீரனுடைய பெயர்தான் கோஷ்டிக்குப் பெயராயிற்று. அவர்களுடைய இசைத்தட்டுகளின் முகப்புச் சித்திரங்களையும் அவரே வரைந்தார். பிரெஞ்சு பேசும் பிரதேசத்துப் பிள்ளைகள் அவர்கள். பாட்டை மட்டும் ஆங்கிலத்தில் பாடினார்கள். முதல் இசைத்தட்டு 'வார் அண்ட் பெய்ன்' 1984இல் வந்தது. அடுத்த ஆண்டுக்குள் மாண்ட்ரியலுக்குக் குடிபெயர்ந்தார்கள்.

1980களின் மாண்ட்ரியல் இளைஞர்க்கு வாய்ப்பான நகரமாக இருந்தது. 1977ஆம் ஆண்டின் பிரெஞ்சு மொழிச் சட்டத்துக்குப் பின்னர் பெரிய வர்த்தக ஸ்தாபனங்கள் பல டொராண்டோவை நோக்கி நகர்ந்துவிட, ஆடையாலைகளும் பண்டக சாலைகளும் காலியாகிக் கிடக்க, வாடகை மலிந்தது. செயின்ட் காத்தரின் தெருவில் 1983இல் திறந்த ஃபூஃபூன் எலெக்ட்ரீக் போன்ற கூடங்களில் இரவுதோறும் ஏதாவது ஒரு கோஷ்டி வாசித்தது. அதே 1983இல் இலங்கையில் நிகழ்ந்த கொடுமைகளுக்குப் பிறகு நம் தமிழர்களும் இந்த நகரத்துக்கு வரத் தொடங்கினார்கள் என்பதை நினைக்கையில், ஒரே மலிவு வாடகையைத் தேடி ஏறக்குறைய ஒரே காலத்தில் வந்திறங்கிய இரண்டு கூட்டத்தார் ஒருவரை ஒருவர் அறியாமலே ஒரே நகரத்தில் வாழ்ந்திருக்கிறார்கள் என்பது தெரிகிறது.

வொய்வாட் கோஷ்டியார் 1987இலும் 1988இலும் வெளியிட்ட இரண்டு இசைத்தட்டுகளை, மதில் எழும்பி நின்ற மேற்கு பெர்லினில் பதிவு செய்தார்கள். அவற்றுக்கு அடுத்ததாகிய 'நத்திங்ஃபேஸ்' 1989இல் மாண்ட்ரியலிலேயே, விக்டர் ஸ்டூடியோவில், கிளென் ராபின்சன் என்பவருடைய மேற்பார்வையில் பதிவாயிற்று. கிராமபோன் தட்டைக் கண்டுபிடித்த எமில் பெர்லினர் இருபதாம் நூற்றாண்டு பிறக்கும் தறுவாயில் மாண்ட்ரியலில் தம் தொழிலை நிறுவினார் என்பதும், இந்த நகரத்துக்கும் ஒலிப்பதிவுக்கும் உள்ள உறவு அத்தனை பழையது என்பதும் இவ்விடத்தில் நினைக்கத்தக்கவை. 'நத்திங்ஃபேஸ்' தட்டில் பிங்க் ஃபிளாய்டு கோஷ்டியின் 'அஸ்ட்ரானமி டாமினே' என்னும் பழைய பாடலையும் தம் வழியில் பாடியிருந்தார்கள். பெயரும் புகழும் அதன் மூலமாகவே வந்தன.

பிக்கியின் கிதாரில் அப்படி என்ன விசேஷம் என்று கேட்பவர்களுக்கு ஒரே ஓர் இடத்தைக் கிட்டத்தில் வைத்துக் காட்டுகிறேன். கிதாரின் கழுத்தில், வீணையில் மெட்டு என்று சொல்லுகிறோமே, அதைப் போன்ற குறுக்குக் கம்பிகள் உண்டு. ஒவ்வொரு மெட்டும் அரை ஸ்வரம். ராக், மெட்டல் கோஷ்டிகளில் கிதார் பழகுகிற எந்தப் பிள்ளையும் முதலில் கற்பது இரண்டு விரல் பிடி: தடித்த ஆறாம் தந்தியில் ஏதேனும் ஒரு மெட்டில் ஆள்காட்டி விரல், ஐந்தாம் தந்தியில் அதற்கு இரண்டு மெட்டு தள்ளி மோதிர விரல். இரண்டையும் சேர்த்து மீட்டினால் ஷட்ஜமும் பஞ்சமமும் ஒருங்கே ஒலிக்கும். நம் தம்புராவின் ஒலி அதுவே. மலை போல அசையாமல் நிற்கும். இப்போது ஐந்தாம் தந்தியில் இருக்கும் விரலை ஒரே ஒரு மெட்டு பின்னுக்கு இழுத்து வைத்துப் பாருங்கள். பஞ்சமம் பிரதி மத்தியமம் ஆகிவிடுகிறது. மலை சாய்கிறது. எங்கேயோ போய்ச் சேர வேண்டும் என்ற தவிப்பு ஒலிக்குள் உண்டாகிவிடுகிறது.

மேலை நாட்டார் அந்த இடைவெளிக்குச் சைத்தானுடைய ஸ்வரம் என்று நெடுங்காலத்துக்கு முன்பே பெயர் வைத்துவிட்டார்கள். 1970இல் பிளாக் சாபத் கோஷ்டியார் அதை வைத்தே மெட்டல் சங்கீதத்துக்கு அஸ்திவாரம் போட்டார்கள். அவர்கள் அதைப் பயமூட்டுவதற்காக வாசித்தார்கள். டாமூரோ அதில் குடியிருந்தார். கிங் கிரிம்ஸன் போன்ற கோஷ்டிகளைக் கேட்டு வளர்ந்த அவர், அந்தச் சாய்ந்த பிடிகளையே சாதாரணமாக்கி, ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவி, பஞ்சமத்தின் நிம்மதிக்குத் திரும்பாமலே ஒரு பாட்டு முழுவதையும் நடத்திக்கொண்டு போகும் சாமர்த்தியம் பெற்றிருந்தார். எழுபத்திரண்டு மேளகர்த்தாக்களில் முப்பத்தாறு பிரதி மத்தியமத்துக்கு உரியவை என்று கொண்டாடும் நமக்கு, கல்யாணியின் மத்தியமத்தைத் தம்புராவின் ஷட்ஜத்தோடு சேர்த்தே கேட்டுப் பழகிய நமக்கு, அந்த ஸ்வரத்தில் சைத்தான் இல்லை. ஆதலால்தான் இந்தச் சங்கீதத்தை முதல் தடவை கேட்டபோது, அதன் ஆரவாரம் என்னை மருட்டிய அதே வேளையில், அதன் ஸ்வர வழி எனக்கு அந்நியமாக இல்லை என்று எண்ணுகிறேன். தமிழ்ச் செவிக்கு இங்கே ஒரு நுழைவாயில் இருக்கிறது.

1990இல் வொய்வாட் கோஷ்டியார் வட அமெரிக்காவில் யாத்திரை செய்தபோது அவர்களுக்கு முன்னால் வாசித்த கோஷ்டிகள் இரண்டு: சியாட்டிலிலிருந்து வந்த சவுண்ட்கார்டன், சான்பிரான்சிஸ்கோவிலிருந்து வந்த ஃபெய்த் நோ மோர். ஆல்டர்னேட்டிவ் மெட்டல் என்று பிற்பாடு பெயர் பெற்ற வகைக்கு முன்னோடிகளாக இன்று எல்லோரும் சொல்லுகிற பெயர்கள் இவை. இரண்டும் சில வருஷங்களில் லட்சக்கணக்கில் விற்பனையாகிப் பெரும் புகழ் அடைந்தன. தலைமையிடத்தில் வாசித்த வொய்வாட் கோஷ்டிக்கோ அந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை. 1991இல் ரஷ் கோஷ்டியின் பழைய தயாரிப்பாளராகிய டெர்ரி பிரவுனைக் கொண்டு, மெட்டலின் கடுமையைக் குறைத்துப் பாட்டின் இனிமையைக் கூட்டி 'ஏஞ்சல் ராட்' என்னும் தட்டைச் செய்தார்கள். அதை ஒட்டிப் பிளாக்கி பிரிந்து போனார். 1993இன் தட்டுக்குப் பிறகு ஸ்நேக்கும் போனார். எரிக் ஃபாரஸ்ட் என்பவர் பாட்டையும் பேஸையும் சேர்த்து ஏற்க, மூவராகச் சில ஆண்டுகள் உழைத்தார்கள். 1998இல் ஜெர்மனியில் அவர்கள் சென்ற வாகனம் விபத்துக்குள்ளாகி ஃபாரஸ்ட் படுகாயமுற்றார். 2001இல் கோஷ்டி கலைந்தது.

கலைந்தது மறுபடி கூடியதற்குக் காரணமானவர் ஜேசன் நியூஸ்டெட். பதினான்கு ஆண்டுகள் மெட்டாலிகா கோஷ்டியில் பேஸ் வாசித்து, 2001இல் அதை விட்டு வெளியேறிய அவர், வொய்வாட் கோஷ்டியாரின் பழைய ரசிகர், சிநேகிதர். உலகத்தின் மிகப் பெரிய மைதானங்களில் வாசித்தவர், மாண்ட்ரியலின் ஒரு சிறிய கோஷ்டியில் நான்காவது ஆளாக வந்து அமர்ந்தார். ஸ்நேக்கும் திரும்பினார். 2003இல் கோஷ்டியின் பெயரையே தலைப்பாகக் கொண்ட தட்டு வெளிவந்தது. ஓஸ்ஃபெஸ்ட் என்னும் பெரிய யாத்திரையிலும் கலந்துகொண்டார்கள். அடுத்த தட்டுக்கான பாடல்களை டாமூர் தம் மடிக்கணினியில் சேர்க்கத் தொடங்கினார். இருபது வருஷமாகத் திறக்க மறுத்த கதவு திறக்கும் தறுவாயில் நோய் வந்தது.

டாமூர் இறந்த பிறகு மூவர் முன்னால் இரண்டு வழிகள் இருந்தன. கோஷ்டியை மூடிவிட்டுப் பதிவுகளைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிடலாம். அப்படிச் செய்திருந்தால் உலகம் அவர்களைக் குறை சொல்லியிருக்காது. அல்லது தேர்ந்த கிதார்க்காரர் ஒருவரை வைத்து டாமூரின் பகுதிகளைத் திருத்தமாகத் திரும்ப வாசிக்கச் செய்து புதுத் தட்டாக வெளியிடலாம். அவர்கள் இரண்டையும் விட்டார்கள். டாமூர் வாசித்து வைத்ததை டாமூர் வாசித்தபடியே வைத்துக்கொண்டு, அதைச் சுற்றித் தங்களைப் பொருத்திக்கொள்வதென்று தீர்மானித்தார்கள். இதனுள் இருக்கும் சிரமம் வெளிப்பார்வைக்குப் புலப்படாது. ஆகையால் சற்று விரித்துச் சொல்லுகிறேன்.

இவ்வகைச் சங்கீதத்தில் ஒலிப்பதிவு செய்யும் முறை பெரும்பாலும் வீடு கட்டும் முறை போன்றது. முதலில் தாளம் அஸ்திவாரமாக விழும், அதன்மேல் பேஸ், அதன்மேல் கிதார், எல்லாவற்றுக்கும் மேலே கூரை போலப் பாட்டு. பிந்தி வருகிறவன் முந்தியதற்கு இணங்குவான். இணங்க முடியாத இடத்தில் முந்தியதையே திரும்பப் பதிவு செய்துகொள்ளச் சொல்லுவான். தாளக்காரன் ஓர் இடத்தில் கொஞ்சம் தாமதித்தால் கிதார்க்காரன் அவனைப் பார்த்துத் தானும் தாமதிப்பான். கிதார்க்காரன் ஒரு சுற்று கூடுதலாகப் போக விரும்பினால் தலையை அசைப்பான், தாளக்காரன் தெரிந்துகொள்வான். இந்தப் பார்வைப் பரிமாற்றத்தை நம் கச்சேரி மேடைகளில் நாம் தினமும் காண்கிறோம். வித்துவான் நிரவலை முடித்துக்கொண்டு பல்லவியை எடுக்கப் போகிறார் என்பதை மிருதங்கக்காரர் அவருடைய தோளின் அசைவிலிருந்தே அறிந்துகொள்ளுகிறார். அறிந்து, தீர்மானத்தை வைக்கிறார். வித்துவானும் ஒரு புன்னகையால் அதை ஏற்றுக்கொள்ளுகிறார்.

லாங்ஷவேனுக்கு இப்போது அந்தத் தோளும் இல்லை, புன்னகையும் இல்லை. சுவர் முதலில் எழும்பிவிட்டது. அதன் கீழே அஸ்திவாரம் போட வேண்டும். இருபது ஆண்டுகளுக்கு மேல் பக்கத்தில் நின்று வாசித்த நண்பர் எந்த வேகத்தில் வாசித்து வைத்தாரோ அந்த வேகத்தில், அவர் எத்தனை சுற்று வாசித்து வைத்தாரோ அத்தனை சுற்று, அவர் எங்கே மூச்சு விட்டாரோ அங்கேயே மூச்சு விட்டு, தாளக்காரர் பின்தொடர வேண்டும். கேட்டால் பதில் வராது. 'இந்த இடத்தை இன்னும் கொஞ்சம் நீட்டலாமா' என்று சொன்னால் நீட்டுவதற்கு ஆள் இல்லை. ஸ்நேக்கின் நிலையும் அப்படியே: பாட்டுக்கு வார்த்தை எழுதி முடித்து, அது கிதாரோடு ஓர் இடத்தில் உராய்ந்தால், வார்த்தைதான் விலக வேண்டும், கிதார் விலகாது. கலிபோர்னியாவில் வசித்த நியூஸ்டெட்டின் பேஸும் அந்த ஒரே கிதாரைத் தழுவிக்கொண்டே அமைந்தது. 'நத்திங்ஃபேஸ்' காலத்தில் துணை நின்ற அதே கிளென் ராபின்சன் ஒலிப்பதிவில் இப்போதும் துணை நின்றார். டாமூரின் கை எப்படி ஒலிக்கும் என்று முன்பே அறிந்திருந்த செவி ஒன்று அந்த அறையில் இருந்தது என்பதைப் பெரிய உதவியாக நான் கருதுகிறேன்.

இதற்கு ஒப்பாக உலகம் அறிந்த உதாரணம் ஒன்றுண்டு. ஜான் லென்னன் 1980இல் சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு, அவர் வீட்டில் பியானோவோடு பாடி வைத்திருந்த ஒலிநாடா ஒன்றை எடுத்து, மற்ற மூன்று பீட்டில்ஸ்காரர்களும் 1995இல் 'ஃப்ரீ ஆஸ் எ பேர்டு' என்ற பாடலை வெளியிட்டார்கள். ஆனால் அங்கே லென்னனுடைய குரலைப் புதிய தாளத்துக்கு ஒத்து வருமாறு அங்கங்கே சரிக்கட்டி, பாடலில் குறைந்த பகுதிகளைப் புதிதாக எழுதிச் சேர்த்தார்கள். அப்படிச் செய்தவையும் விரல்விட்டு எண்ணத்தக்க சில பாட்டுகளே. மாண்ட்ரியல்காரர்கள் செய்தது இருபத்து மூன்று பாட்டு. இரண்டு முழு இசைத்தட்டுகள்.

முதல் தட்டு 2006ஆம் ஆண்டு ஜூலை 25ஆம் தேதி, டாமூர் இறந்து பதினோரு மாதம் ஆவதற்குள் வெளிவந்தது. பிரெஞ்சு மொழியில் பதினான்கு என்ற எண்ணைக் குறிக்கும் சொல்லை, கியூபெக் மாகாணத்துத் தெருவில் வாயால் சொல்லுகிற மாதிரியே எழுத்துக்கூட்டிக் 'காட்டோர்ஸ்' என்று அதற்குப் பெயர் வைத்தார்கள். ஆங்கிலத்தில் பாடி வந்தவர்கள் அந்தத் துக்க காலத்தில் தட்டின் நெற்றியில் தாய்மொழியைப் பொறித்துக்கொண்டார்கள் என்பது என் உள்ளத்தைத் தொட்ட விஷயம். பத்துப் பாடல்கள். முதல் பாடல் 'தி கெட்டவே'. கடைசிப் பாடல் 'போலராய்ட்ஸ்'.

நான் அதை முதன்முதலில் கேட்டது ஒரு ஜனவரி மாதத்து மாலையில், பார்க் அவென்யூ வழியாகப் போகும் 80ஆம் எண் பேருந்தில், காதொலிக் கருவியை மாட்டிக்கொண்டு நின்றபடி. சன்னல் கண்ணாடியில் உட்புறமாகவே உறைபனி படிந்திருந்தது. பேருந்தில் நிறைந்திருந்தவர்களில் பாதிப்பேர் என்னைப் போலவே வெளிநாட்டிலிருந்து வந்து பார்க் எக்ஸ்டென்ஷனில் குடியேறியவர்கள். எதிரே நின்ற யாழ்ப்பாணத்து அம்மா ஒருவர், முருங்கைக்காய்கள் பையை விட்டு நீட்டிக்கொண்டிருக்க, கம்பியைப் பற்றியபடி கண்ணை மூடிக்கொண்டிருந்தார். என் காதில் விழுந்த கிதார் நான் எதிர்பார்த்ததைப் போல இல்லை. பெரிய கூடத்தின் முழக்கமும் எதிரொலியும் இல்லாமல், உலர்ந்து, கூர்மையாக, மிகவும் பக்கத்தில் இருந்தது. ஒருவர் தம் வீட்டு அறையில் நாற்காலியில் உட்கார்ந்து தமக்காகவே வாசிப்பதைக் கதவுக்கு இப்பால் நின்று கேட்பது போல இருந்தது. பாடல்களின் நடையும் 'நத்திங்ஃபேஸ்' காலத்துச் சிக்கலை உதறிவிட்டு, நேராக, ராக் அண்ட் ரோல் சங்கீதத்தின் பழைய ஓட்டத்துக்குத் திரும்பியிருந்தது. ஆனால் ஒவ்வொரு பாடலிலும் எங்காவது ஓரிடத்தில் அந்த ஒரு விரல் ஒரு மெட்டு பின்னுக்கு நழுவுகிறது, மலை சாய்கிறது, பிறகு நிமிர்கிறது.

தாளத்தை நான் கவனித்துக் கேட்டேன். லாங்ஷவேன் முரட்டுத்தனமாக வாசிக்கக்கூடியவர். இந்தத் தட்டிலும் வேகத்துக்குக் குறைவில்லை. என்றாலும் கிதார் ஒரு வாக்கியத்தை முடித்து அடுத்ததைத் தொடங்கும் சந்திகளில், அவர் தம் கைவரிசையைக் காட்ட இடமிருந்தும், காட்டாமல் காத்திருக்கிறார். சாதாரணமாகத் தாளக்காரர்கள் தாண்டிக் குதிக்கும் அந்த இடங்களில் அவர் வழி விட்டு நிற்கிறார். கலை விமர்சகர்கள் இதை எளிமை என்று எழுதக்கூடும். வயோதிகத் தகப்பனார் மாடிப்படி இறங்கும்போது, கையைப் பிடிக்காமலும் முந்திக்கொள்ளாமலும் ஒரு படி பின்னால் வருகிற மகனுடைய நடையை எனக்கு அது நினைவூட்டிற்று.

இவ்விதம் செய்வதில் ஒரு தர்ம சங்கடமும் உண்டு என்பதை ஒளிக்கக் கூடாது. டாமூர் மடிக்கணினியில் பதிந்து வைத்தவை, அவர் உயிரோடு இருந்திருந்தால், மாதிரிகளாகவே நின்றிருக்கும். ஸ்டூடியோவில் நால்வரும் கூடியபோது அவற்றில் பாதி மாறியிருக்கும். சில கழிந்தே போயிருக்கும். கோட்டுச் சித்திரத்தைச் சட்டம் போட்டு மாட்டியது போல, மாதிரியையே முடிந்த முடிவாக ஆக்கிவிட்டது மரணம். 'காட்டோர்ஸ்' தட்டில் சில பாடல்கள் இன்னும் ஒரு திருப்பத்தை வேண்டி நிற்பதையும், இன்னும் ஒரு சுற்றுக்கு முன்பே முடிந்திருக்கலாம் என்று தோன்றுவதையும் நான் உணராமல் இல்லை. இருந்தும் அந்தக் குறைகளை நிரப்பாமல் விட்டதுதான் சரி என்பது என் துணிபு. பூஷணபட்டர் தம் தந்தையின் நடையில் எழுத முயன்றார். ஸுஸ்மாயர் மோட்ஸார்ட்டின் நடையில் எழுத முயன்றார். எந்த இடத்தில் குரு நின்று சீடர் தொடங்குகிறார் என்று பண்டிதர்கள் இன்றளவும் ஆராய்ந்துகொண்டிருக்கிறார்கள். இங்கே ஆராய்ச்சிக்கு வேலை இல்லை. கிதார் என்று கேட்பதெல்லாம் டாமூர்; மற்றதெல்லாம் மற்றவர்கள்.

மீதிப் பதின்மூன்று பாடல்களுக்கு மூன்று வருஷம் பிடித்தது. இதற்கிடையில் ஒரு காரியம் நடந்தது. 2008இல் ஸ்நேக்கும் லாங்ஷவேனும் மேடைக்குத் திரும்ப முடிவு செய்தார்கள். பிளாக்கி மீண்டும் வந்து சேர்ந்தார். கிதாருக்கு டான் மோங்ரேன் வந்தார். மோங்ரேன் கியூபெக்கில் மார்ட்டர் என்னும் கோஷ்டியை நடத்தியவர். டாமூரின் பிடிகளைச் சிறு வயதிலிருந்தே ஒன்றுவிடாமல் கற்றவர். 2006இல் தம் கோஷ்டியின் தட்டிலேயே வொய்வாட் பாடல் ஒன்றை வாசித்து அஞ்சலி செலுத்தியவர். டாமூரின் இடத்தில் நின்று வாசிப்பதற்கு அவரைவிடத் தகுதி உடையவர் அந்தப் பிரதேசத்தில் இருந்திருக்க முடியாது என்பதைப் பின்னால் நடந்தவை காட்டின. இப்படி ஒருவர் கைக்கு எட்டிய தூரத்தில் இருந்தும், மேடையில் இரவுதோறும் டாமூரின் பாடல்களை வாசித்துக்கொண்டிருந்தும், மீதிப் பாடல்களின் தட்டில் அவர் ஒரு ஸ்வரம்கூட வாசிக்கவில்லை. 2009ஆம் ஆண்டு ஜூன் 23ஆம் தேதி 'ஆன்ஃபினி' என்ற பெயரில் அந்தத் தட்டு வெளிவந்தது. கிதார் டாமூர், பேஸ் நியூஸ்டெட், பாட்டு ஸ்நேக், தாளம் அவே. அந்த மாதங்களில் அவர்களுடைய கச்சேரிக்குப் போன ரசிகன் உயிருள்ள கிதார்க்காரரைக் கண்ணால் கண்டு, வாசலில் இறந்தவருடைய கிதார் ஒலிக்கும் தட்டை விலைக்கு வாங்கிக்கொண்டு வீடு திரும்பினான்.

'ஆன்ஃபினி' என்ற பிரெஞ்சுச் சொல்லுக்கு அனந்தம் என்பது பொருள். முந்திய தட்டைக் காட்டிலும் இது சற்றே விசாலமானது. கனவுத் தன்மையும் பழைய விண்வெளி வாசனையும் சில பாடல்களில் திரும்ப வருகின்றன. மூன்று வருஷத்துப் பழக்கத்தில் தாளக்காரருக்கும் பாடகருக்கும் அந்த அசையாத கிதாரோடு ஒரு சகஜ பாவம் ஏற்பட்டுவிட்டது என்பதும் தெரிகிறது. காத்திருந்த இடங்களில் இப்போது சேர்ந்தே போகிறார்கள். பதின்மூன்றாவது பாடல் 'வால்கேனோ'. அதோடு மடிக்கணினியில் இருந்த பாடல்கள் தீர்ந்தன.

அதன் பின்னர் மோங்ரேனோடு அவர்கள் செய்த புதிய பாடல்களும், 2018இல் வெளிவந்து மறு ஆண்டில் கனடாவின் ஜூனோ பரிசைப் பெற்ற 'தி வேக்' என்ற தட்டும் வேறொரு கட்டுரைக்கு உரியவை. 1984இன் 'வார் அண்ட் பெய்ன்' தொடங்கிக் கோஷ்டியின் ஒவ்வொரு ஸ்டூடியோத் தட்டின் உறையிலும், பாடகர் மாறியபோதும் பேஸ்காரர் மாறியபோதும், கிதார் என்ற சொல்லுக்கு நேரே பிக்கி என்ற ஒரே பெயர் இருந்து வந்தது. 2013ஆம் ஆண்டு ஜனவரியில் 'டார்கெட் எர்த்' என்னும் அடுத்த ஸ்டூடியோத் தட்டு கடைக்கு வந்தபோது நான் அதை வாங்கி, உறையைப் பிரித்து, பின்பக்கத்தில் இருந்த சிறிய எழுத்துக்களை முதலில் படித்தேன். அந்த இடத்தில் முதல் தடவையாக வேறொரு பெயர் அச்சாகியிருந்தது.